மகனுக்கு 18 ஆகட்டும் என்று வாரிசு வேலைக்குக் காத்திருக்கலாமா?

கேள்வி: செங்கோட்டை பக்கம் புளியரையில் வசிக்கிறேன். அரசு ஓட்டுநரான என் கணவர் பணியில் இருக்கும்போதே இறந்து இரண்டு வருடம் நான்கு மாதம் ஆகிறது. நான் பத்தாம் வகுப்பு தேறியவள். மகனுக்கு வயது 16. அவனுக்கு 18 ஆனபிறகும் மூன்று வருடம் அவகாசம் உண்டு என்று புனலூரில் இருக்கும் அண்ணன் சொல்கிறார். எனக்கு வேலை தர ஆட்சேபணை இல்லை என்று கையெழுத்துப் போட மாமியார் மறுக்கிறார். இரண்டு லட்சம் கொடுத்தால் முடித்துத் தருவதாக ஒருவர் வீட்டுக்கே வந்து பேசுகிறார். என்ன செய்யட்டும்?

பதில்: காத்திருக்காதீர்கள் அம்மா. இந்த வாரமே உங்கள் பெயரில் விண்ணப்பம் கொடுங்கள்.

அண்ணன் சொல்வது ஆரியங்காவுக்கு அந்தப் பக்கத்துக் கணக்கு. சிறுவயதுப் பிள்ளைகளுக்கு 18 முடிந்தபின் மூன்று வருட அவகாசம் தந்தது கேரளத்தின் 1999ஆம் ஆண்டுத் திட்டம். உங்கள் கணவர் தமிழ்நாடு அரசு ஊழியர். இங்கே இறந்த தேதியிலிருந்து 3 ஆண்டு, அவ்வளவுதான். உங்களுக்கு மிச்சம் எட்டு மாதம். அதற்குள் பையனுக்கு 18 ஆகாது.

நீதிமன்றம் இரக்கப்படும் என்று நம்பி இருந்துவிடாதீர்கள். ஹரியானாவில் 1997இல் ஒரு காவலர் இறந்தபோது மகனுக்கு ஏழு வயது. வளர்ந்து வேலை கேட்டார். 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. கேரளத்திலேயே, 1995இல் இறந்த ஃபாக்ட் உர நிறுவன ஊழியரின் மகளுக்கும் 2022இல் அதே பதில்தான். திடீரென்று வந்த கஷ்டத்தைத் தாண்டத்தான் இந்த வேலை, இத்தனை வருடம் சமாளித்த குடும்பத்துக்கு எதற்கு என்பதே நீதிமன்றத்தின் கேள்வி.

மாமியாரும் சட்டப்படி வாரிசு, அவர் பெயரும் சான்றிதழில் வரும். ஆனால் இந்த வேலை பங்கு பிரிக்கும் சொத்து அல்ல. அவரைக் கடைசிவரை பார்த்துக்கொள்வேன் என்று எழுதிக் கொடுங்கள், பெரும்பாலும் பயம் அதுதான். அப்போதும் மறுத்தால் அதையே எழுதி விண்ணப்பத்தோடு வையுங்கள். கையெழுத்துக்காக விண்ணப்பத்தை நிறுத்தி வைக்காதீர்கள்.

இனி அந்த இரண்டு லட்சக்காரர். இந்த ஆட்களிடம் ஏமாந்த குடும்பங்களை நிறையப் பார்த்துவிட்டேன். சாவு வீட்டு விவரம் அவர்களுக்கு எப்படியோ போய்விடுகிறது. "மேலே பேசியாச்சு" என்பார்கள். வேலைக்குக் காத்திருப்போர் பட்டியலில் உங்கள் முறை தானாக வந்தாலும் தங்களால்தான் வந்தது என்று பணத்தை எடுத்துக்கொள்வார்கள், வராவிட்டால் போனை எடுக்க மாட்டார்கள். ஊழல் தடுப்புச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் குற்றம். ஒரு விலக்கு உண்டு, கவனமாகக் கேளுங்கள். கட்டாயப்படுத்தி வாங்கியிருந்தால், கொடுத்த நாளிலிருந்து 7 நாளுக்குள் காவல்துறையிடமோ லஞ்ச ஒழிப்புத் துறையிடமோ சொல்லிவிட்டால் உங்கள் மேல் குற்றம் வராது. நீங்களாக விரும்பிக் கொடுத்ததற்கு இது பொருந்தாது. எட்டாவது நாள் போனால் இந்தப் பாதுகாப்பு கிடையாது. கொடுப்பதற்கு முன்பே தகவல் சொல்லி, அவர்கள் சொன்னபடி கொடுத்தால் அதுவும் குற்றமல்ல.

வக்கீல்களிலும் சிலர் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் "மனுவைப் பரிசீலிக்க" ஒரு உத்தரவு வாங்கித் தந்து, ஜெயித்துவிட்டோம் என்று கட்டணம் வாங்குகிறார்கள். அலுவலகம் பரிசீலித்து, மறுபடியும் நிராகரிக்கும். கெடு தாண்டிய கோரிக்கைக்கு இப்படிப்பட்ட உத்தரவால் உயிர் வராது என்று 2008லேயே, தமிழ்நாட்டிலிருந்து போன ஜேக்கப் வழக்கில், உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

கணவர் கடைசியாக வேலை பார்த்த அலுவலகத்தில் விண்ணப்பத்தைக் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். தராவிட்டால் அன்றைக்கே ஸ்பீடு போஸ்டில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். வட்டாட்சியர் அலுவலகத்தில் வாரிசுச் சான்று, வறிய நிலைச் சான்று என்று நடக்க விடுவார்கள். ஊழியர் இறந்த விவரம் அவர்கள் கோப்பிலேயே இருக்கும்போது அலுவலகம்தான் விதவையைத் தேடி வந்திருக்க வேண்டும், அது நடப்பதில்லை. சான்று வரத் தாமதமானாலும் விண்ணப்பம் முதலில் போகட்டும். அப்புறம் 10 ரூபாய் கட்டணத்தில் தகவல் உரிமை மனுப் போட்டு, காத்திருப்போர் பட்டியலில் உங்கள் எண்ணைக் கேளுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் மேல்முறையீடு செய்யலாம், அதற்குக் கட்டணம் இல்லை.