முழங்கை விலகினால் தோளைப் பாருங்கள்

கேள்வி: நான் யோகா ஆசிரியை. முன்கைகளை ஊன்றித் தலைகீழாக நிற்கும் பிஞ்ச மயூராசனத்தில் மாணவர்கள் சிலருக்கு முழங்கைகள் வெளியே விலகி, உள்ளங்கைகள் நெருங்கிவிடுகின்றன. இரு கைகளையும் சுற்றிப் பெல்ட்டை இறுக்கிக் கட்டியும் பார்த்தேன். ஒருவருக்குக் கழுத்து வலிக்கிறது. இன்னொருவருக்குச் சுண்டுவிரல் மரத்துப்போகிறது. எதைத் திருத்த வேண்டும்?

பதில்: திருத்த வேண்டிய இடம் தோள். கையைத் தலைக்கு மேல் கொண்டுபோகும்போது மேற்கை எலும்பு வெளிப்பக்கமாகச் சுழல வேண்டும். முதுகிலிருந்து அக்குள் வழியாக மேற்கைக்கு வரும் லாட்டிசிமஸ் தசையும் மார்புத் தசையும் இறுகியிருந்தால் எலும்பை உட்பக்கம் திருப்பிவிடும். முன்கைகள் தரையில் ஊன்றியிருப்பதால் அந்தத் திருப்பம் முழங்கை நழுவலாகத் தெரிகிறது. பெல்ட் நழுவலைத் தடுக்கும், இறுக்கத்தைத் தளர்த்தாது. தோளில் கிடைக்காத அசைவை உடல் கீழ்முதுகில் தேடும். விலா முன்னே பிதுங்கி, இடுப்பு வளையும். பெல்ட் வேண்டுமென்றால் முழங்கைக்குச் சற்று மேலே, தோள் அகலத்துக்கு, இழுக்காமல் போடுங்கள். எடை தாங்கிக்கொண்டிருக்கும் முழங்கையைக் கையால் பிடித்து உள்ளே தள்ளவே வேண்டாம்.

முதலில் சுவரில் சோதியுங்கள். சுவரைப் பார்த்து நின்று, முழங்கைகள் தோள் உயரத்தில் இருக்க, முன்கைகளை இணையாகச் சுவரில் பதித்து மெல்ல மேலே நகர்த்தச் சொல்லுங்கள். முழங்கை விலகினாலோ, விலா பிதுங்கினாலோ அவர் தலைகீழாக நிற்க இன்னும் தயாராகவில்லை. இதே அசைவுதான் அவருக்கான பயிற்சியும்: 10 முறை, 2 சுற்று, சுவரை முன்கையால் தள்ளியபடியே. விலாவோடு தோள்பட்டை எலும்பைப் பிடித்து நிறுத்தும் செரேட்டஸ் தசை இதில் வலுப்படும்.

அடுத்தது அர்த்த பிஞ்ச மயூராசனம், அதாவது பாதங்கள் தரையிலேயே இருக்க, முன்கைகளை ஊன்றி இடுப்பை உயர்த்தும் பாதி நிலை. முழங்கைகள் தோளுக்கு நேர் கீழே, கட்டைவிரல்களுக்கு நடுவே ஒரு மரக்கட்டை. கட்டைவிரல், ஆள்காட்டி விரல் அடிப்பகுதிகள் தரையை விட்டு எழக்கூடாது. தொடையின் பின்தசை இழுத்தால் முழங்காலை மடக்கிக்கொள்ளட்டும். கால் நீட்டலைவிட முதுகு நீட்டல் முக்கியம். 'தோளைக் காதிலிருந்து கீழே இழு' என்று வகுப்பில் சொல்வது வழக்கம். கை தலைக்கு மேல் இருக்கையில் அந்தக் கட்டளை லாட்டிசிமஸை இன்னும் இறுக்கும். 'முன்கையால் தரையைத் தள்ளு' என்று சொல்லிப் பாருங்கள். உடல் தோள்களுக்கு நடுவே தொய்ந்து விழாது.

கழுத்து வலிக்குக் காரணம் பெரும்பாலும் அந்தத் தொய்வும், தலையை நிமிர்த்தி முன்னே பார்ப்பதும்தான். பிடரி சுருங்கியிருக்கிறதா என்று பக்கத்திலிருந்து பாருங்கள். பார்வை முன்கைகளுக்கு நடுவே தரையில் இருக்கட்டும். உச்சந்தலை தரையில் படவே கூடாது. வலி கழுத்திலிருந்து கைக்கு இறங்கினால் எடை தாங்கும் ஆசனங்களை நிறுத்திவிட்டு மருத்துவரிடம் அனுப்புங்கள்.

சுண்டுவிரல் மரத்துப்போவது வேறு சங்கதி. முழங்கையை இடித்துக்கொண்டால் சுரீரென்று கரண்ட் அடித்தது போல இருக்குமே, அந்த அல்நார் நரம்பு முழங்கையின் உட்புற எலும்பு மேட்டுக்குப் பின்னால், தோலுக்கு வெகு அருகில் ஓடுகிறது. முழங்கை மடங்கும்போது அது இழுபடும். முழங்கையை ஊன்றும்போது அதன்மேல் அழுத்தமும் விழலாம். விரிப்பை இரண்டாக மடித்துப் போடுங்கள். மெத்தென்ற தலையணை வேண்டாம், முழங்கை புதைந்து ஆடும். மரத்தல் தொடங்கியதும் இறங்கிவிட வேண்டும். இறங்கிய பிறகும் உணர்ச்சி திரும்பாவிட்டால், அல்லது விரல்களில் பிடி தளர்ந்தால், நரம்பைப் பரிசோதிக்க வேண்டும்.

அர்த்த நிலையில் பெல்ட் இல்லாமல் 30 விநாடி, மூச்சு சீராக, முழங்கை நகராமல் நிற்பவருக்கு மட்டும் அடுத்த படி. அப்போதும் சுவரருகே, ஒரு காலை மெல்லத் தூக்கியே தொடங்கட்டும்; துள்ளி உதைத்து ஏறினால் தோள் தயாராகும் முன்பே முழு எடையும் அதன்மேல் விழும்.

கட்டுப்பாட்டில் இல்லாத ரத்த அழுத்தம், கண் நீர் அழுத்த நோய், விழித்திரைக் கோளாறு உள்ளவர்களுக்குத் தலைகீழ் நிலை வேண்டாம். இதை வகுப்பில் சேரும் அன்றே கேட்டுவிடுங்கள்; பலர் தாமாகச் சொல்வதில்லை.