வேடிக்கை பார்க்க நிற்காதீர்கள், பெயர் கொடுங்கள்

கேள்வி: எங்கள் பகுதியில் பொங்கலை ஒட்டி விளையாட்டு விழா நடத்துகிறார்கள். ஆடு புலி ஆட்டம், தாயம், பல்லாங்குழி, கேரம் எல்லாம் உண்டாம். 45 வயதில் போய்க் கலந்துகொண்டால் சிரிப்பார்களா? வேடிக்கை பார்த்துவிட்டு வந்தால் போதாதா?

பதில்:

போதாது. இதை இவ்வளவு உறுதியாகச் சொல்லக் காரணம், நானே மூன்று வருடம் வேடிக்கை மட்டும் பார்த்துவிட்டு வந்தவள். நீங்கள் ஆணா பெண்ணா என்று கேள்வியில் எழுதவில்லை. "சிரிப்பார்களா" என்று கேட்டிருக்கும் விதத்தைப் பார்த்தால், வீட்டில் யாரோ ஒருவர் "இந்த வயதில் இதெல்லாம் தேவையா" என்று ஏற்கெனவே கேட்டுவிட்டார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. என்னையும் கேட்டார்கள்.

எனக்கு வயது 54. திருச்சியில் குடியிருக்கிறோம். எங்கள் நகரில் காணும் பொங்கல் அன்று பள்ளி மைதானத்தில் சாமியானா போட்டு விழா நடத்துவார்கள். காலையில் பலகை ஆட்டங்கள், மாலையில் உறியடி, கயிறு இழுத்தல். இளைஞர்கள் ஒரு வகுப்பறையில் இரண்டு கணினி வைத்துக் கால்பந்து விளையாட்டுப் போட்டியும் நடத்துகிறார்கள்; அங்கேதான் கூட்டம் அதிகம். பெண்களுக்கென்று தனியாகக் கோலப் போட்டி, இசை நாற்காலி, எலுமிச்சம்பழத்தைக் கரண்டியில் வைத்து ஓடுவது. முதல் மூன்று வருடமும் எனக்குக் கிடைத்த வேலை, பெரிய பாத்திரத்தில் சுக்கு மல்லிக் காப்பி போட்டு எல்லோருக்கும் ஊற்றிக் கொடுப்பது. அதில் எனக்கு வருத்தமில்லை, யாராவது செய்யத்தான் வேண்டும். ஆனால் காப்பி கொடுக்கப் போகும்போதெல்லாம் ஆடு புலிப் பலகைக்குப் பக்கத்தில் என் கால் நின்றுவிடும். ஆட்டைக் கொண்டுபோய்ப் புலிக்கு முன்னால் வைத்துவிட்டு, பின்னால் இடம் காலியாக இருப்பதைக் கவனிக்காமல் உட்கார்ந்திருப்பார்கள். வாயைத் திறக்கக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நகர்ந்துவிடுவேன்.

நான்காவது வருடம் பெயர் பதியும் மேசைக்குப் போனேன். அங்கிருந்த தம்பி, "அக்கா, பல்லாங்குழிதானே? எழுதிக்கொள்ளட்டுமா?" என்று கேட்டான். நல்ல பையன், மரியாதையாகத்தான் கேட்டான். பல்லாங்குழியும் எனக்குத் தெரியும். பதினான்கு குழியில் எங்கே எடுத்தால் எங்கே பசு, அதாவது ஒரு குழியில் நான்கு முத்து, விழும் என்று கையே கணக்குச் சொல்லும். ஆனால் அன்றைக்கு ஆடு புலிக்குத்தான் எழுத வேண்டும் என்றேன். "அதில் எல்லோரும் ஆண்கள்தான் அக்கா" என்றான். "இன்றைக்கு ஒரு பெண்ணும் இருக்கட்டும்" என்று சொல்லி 20 ரூபாய் கட்டிவிட்டு வந்தேன்.

இந்த ஆட்டத்தை எனக்குக் கற்றுக்கொடுத்தவர் அப்பா. லால்குடிக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். பெருமாள் கோயில் முன்மண்டபத்தின் கல் தரையில் யாரோ எந்தக் காலத்திலோ உளியால் கீறி வைத்த ஆடு புலிக் கட்டம் இருந்தது. இப்படிக் கட்டம் கீறிய மண்டபத் தரைகளைப் பழைய கோயில்கள் பலவற்றில் பார்க்கலாம். உச்சியில் ஒரு புள்ளி, அதிலிருந்து விரிந்து இறங்கும் நான்கு கோடுகள், குறுக்கே மூன்று வரிசை, அடியில் ஒரு வரிசை, மொத்தம் 23 புள்ளிகள். மாலைப் பூசைக்கு மணி அடிக்கும் வரை அப்பா என்னை எதிரில் உட்காரவைத்து ஆடுவார். 15 புளியங்கொட்டை ஆடுகள், 3 கூழாங்கல் புலிகள். எப்போதும் என்னிடம் ஆட்டைத்தான் கொடுப்பார். புலியாக ஆடுவது எளிது, ஆட்டை மேய்க்கத் தெரிந்தவன்தான் ஆட்டக்காரன் என்பார்.

விளையாடாதவர்களுக்காக இரண்டு வரி சொல்லிவிடுகிறேன். ஆடுகளை ஒவ்வொன்றாகத்தான் இறக்க வேண்டும். பதினைந்தும் இறங்கும்வரை ஓர் ஆட்டையும் நகர்த்தக் கூடாது. புலி மட்டும் நகரலாம். பக்கத்தில் இருக்கும் ஆட்டுக்கு நேர் பின்னால் இடம் காலியாக இருந்தால் புலி அதைத் தாண்டி வெட்டிவிடும். மூன்று புலிகளையும் அசையவிடாமல் அடைத்துவிட்டால் ஆட்டுக்கு வெற்றி. ஆகவே முதல் நான்கு ஆடுகளை ஓரத்து மூலைகளில் வைக்க வேண்டும். மூலையில் இருக்கும் ஆட்டுக்கு எந்தப் பக்கமும் பின்னிடம் கிடையாது, எந்தப் புலியாலும் தொட முடியாது. அங்கிருந்து ஒன்றுக்குப் பின்னால் ஒன்றாக உள்ளே வர வேண்டும்.

முதல் சுற்றில் எதிரில் உட்கார்ந்த கல்லூரிப் பையனுக்கு அவசரம் அதிகம். பத்து நிமிடத்தில் முடிந்தது.

இரண்டாவது சுற்றில் வந்தவர் ஓய்வு பெற்ற பெரியவர், எழுபதை ஒட்டிய வயது. அவருக்குப் புலி, எனக்கு ஆடு. பிளைவுட் பலகையில் மார்க்கர் பேனாவால் வரைந்த கட்டம். ஆடுகளுக்குச் சோடாப் பாட்டில் மூடி, புலிக்குக் கேரம் காய். பதினைந்தையும் இறக்கி முடிப்பதற்குள் ஒரே ஓர் ஆட்டைத்தான் அவரால் வெட்ட முடிந்தது. அதன் பிறகு நான் நகர்த்த ஆரம்பித்ததும், ஓரிடத்தில் கவனப் பிசகு. அவர் புலி ஓர் ஆட்டைத் தாண்டியது. கையை எடுக்காமல் அங்கிருந்தே அடுத்த ஆட்டையும் தாண்டியது. இரண்டு மூடியையும் எடுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டார்.

"ஒரு முறைக்கு ஒரு வெட்டுதான்" என்றேன். "எங்கள் ஊரில் தொடர் வெட்டு உண்டு அம்மா" என்றார். இரண்டு பேர் சொன்னதும் உண்மை. இந்த ஆட்டத்துக்கு ஊருக்கு ஒரு விதி. எத்தனை ஆடு போனால் புலிக்கு வெற்றி என்பதே ஊருக்கு ஊர் மாறும். நடுவராக நின்ற பையன் கைபேசியில் தேடிப் பார்த்தான்; அதில் ஓரிடத்தில் ஒரு விதி, இன்னோரிடத்தில் வேறு விதி. சுற்றிலும் ஆட்கள் கூடிவிட்டார்கள். பின்னாலிருந்து ஒருவர், "பெரியவரிடம் போய் இந்த அம்மா வாதம் செய்கிறதே" என்று சொன்னது என் காதில் விழுந்தது. என் குரல் உயர்ந்துவிட்டது. அப்படிப் பேசியது தவறு, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த நேரத்தில் எனக்குப் பலகை தெரியவில்லை, அப்பாவோடு உட்கார்ந்த கல் தரைதான் தெரிந்தது. அப்பாவின் விதியை விட்டுக்கொடுக்க என்னால் முடியவில்லை.

அந்தப் பெரியவர் செய்ததை இன்றும் மறக்க முடியாது. இரண்டாவதாக வெட்டிய மூடியை எடுத்து, இருந்த புள்ளியிலேயே திரும்ப வைத்தார். புலியையும் ஒரு தாவல் பின்னால் கொண்டுபோய் நிறுத்தினார். "உங்கள் ஊர் விதிப்படியே ஆடுவோம். இப்போது உங்கள் முறை" என்றார். குரலில் கோபமே இல்லை.

என்னிடம் 13 ஆடுகள் இருந்தன. அவருடைய ஒரு புலி உச்சியில், மற்ற இரண்டும் இடது ஓரத்தில் ஒன்றன்கீழ் ஒன்றாக. உச்சிப் புலிக்குக் கீழே நான்கு கோட்டிலும் ஓர் ஆடு, ஒவ்வொன்றுக்கும் பின்னால் இன்னோர் ஆடு என்று எட்டு ஆடுகளைக் கொண்டுவந்து நிறுத்தினேன். ஓரத்துப் புலிகள் ஒன்றுக்கொன்று வழியை மறித்துக்கொண்டிருந்ததால், மேல் மூலைக்கு ஓர் ஆடும் கீழ் வரிசைக்கு இரண்டும் போதுமாக இருந்தன. கடைசி மூடியை வைத்ததும் பெரியவர் பலகையைச் சற்று நேரம் பார்த்தார். மூன்று புலிகளையும் விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்துவிட்டு, "அடைத்துவிட்டீர்கள்" என்றார். நான் எழுந்து கைகூப்பினேன். வேறு எதுவும் சொல்ல வரவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். கேள்விக்குத் தொடர்பில்லாதது என்று சிலர் நினைக்கலாம், பரவாயில்லை. அந்தக் கோயில் மண்டபத்தில் இப்போது அந்தக் கட்டம் இல்லை. குடமுழுக்குக்காகத் திருப்பணி செய்தபோது பழைய கல் தரையின் மேல் பளபளப்பான கிரானைட் பதித்துவிட்டார்கள். நன்கொடை கொடுத்தவர்கள் பக்தியோடுதான் கொடுத்தார்கள், அதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தக் கல் கொத்திய கல். ஈரக் காலோடு நடந்தாலும் பிடிப்பு இருக்கும். புதுத் தரையில் என் சித்தி, காலைக் கழுவிக்கொண்டு உள்ளே வந்தவர், வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்து ஆறு மாதம் படுக்கையில் கிடந்தார். வயதானவர்கள்தான் தினமும் கோயிலுக்கு வருகிறார்கள். கல்லை அப்படியே விட்டுவிடுங்கள் என்று சொல்ல ஒருவர்கூட அன்றைக்கு இல்லையே என்பதுதான் என் மனக்குறை. ஊரில் நான் இருந்திருந்தால் நானாவது சொல்லியிருப்பேன். 2023இல் கீழடியில் அருங்காட்சியகம் திறந்த பிறகு குடும்பத்தோடு போயிருந்தோம். அகழாய்வில் கிடைத்த பகடைக்காயையும் ஆட்டக்காய்களையும் கண்ணாடிக்குள் வைத்து, விளக்குப் போட்டுக் காட்டுகிறார்கள். பார்க்கப் பார்க்கப் பெருமையாகத்தான் இருந்தது. அதே நேரத்தில் எங்கள் ஊர்க் கட்டம் கிரானைட்டுக்கு அடியில் கிடப்பதை நினைத்துத் தொண்டை அடைத்தது.

விழாவுக்கு வருகிறேன். அரையிறுதியில் எனக்கு எதிரில் உட்கார்ந்தது பன்னிரண்டு வயதுப் பையன். இந்த முறை எனக்குப் புலி. அவன் ஒவ்வோர் ஆட்டையும் வைப்பதற்கு முன்னால், அதற்குப் பின்னால் இருக்கும் புள்ளியைச் சுண்டுவிரலால் ஒரு முறை தொட்டுப் பார்ப்பான். காலியாக இருந்தால் வைக்கமாட்டான். இருபது நிமிடம் என் மூன்று புலிகளும் பட்டினி. ஓர் ஆட்டைக்கூட விட்டுக்கொடுக்காமல் என்னை அடைத்தான். எங்கே கற்றுக்கொண்டாய் என்று கேட்டேன். அப்பாவின் கைபேசியில் இந்த ஆட்டம் இருக்கிறது, தினமும் அதோடு ஆடுவேன் ஆன்ட்டி என்றான். கைபேசி குழந்தைகளைக் கெடுக்கிறது என்று ஓயாமல் பேசிக்கொண்டிருந்தவள் நான். அன்றிலிருந்து அந்தப் பேச்சைக் குறைத்துக்கொண்டேன்.

தோற்றுப் போனதைச் சொல்லி வயதானவர்களைத் தைரியப்படுத்துகிறேன் என்று யாராவது பின்னூட்டத்தில் எழுதலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. தோற்றதில் வருத்தம் இருந்தது, அன்று இரவு புலியை எங்கே நகர்த்தியிருக்க வேண்டும் என்று யோசித்துக்கொண்டே படுத்திருந்தேன். இன்னும் சிலர், தாயம் உருட்டினால் வீட்டுக்கு ஆகாது, இதெல்லாம் சூது என்பார்கள். என் மாமியாரும் அப்படித்தான் சொல்வார். பணம் வைத்து ஆடினால் எதுவும் சூதுதான், சீட்டும் அப்படியே, கிரிக்கெட்டும் அப்படியே. பொழுதுபோக்கு என்று ஒதுக்குபவர்களுக்குச் சென்னைப் புதுவண்ணாரப்பேட்டையைச் சேர்ந்த காசிமாவை நினைவுபடுத்துகிறேன். ஆட்டோ ஓட்டுநரின் மகள். 2024இல் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக் கோப்பையில் மூன்று தங்கம் வென்றார். அவர் கேரம் கற்றது தன் பகுதியில் எளியவர்கள் கூடி ஆடும் இடத்தில்தான். தெருவில் ஒரு பலகையும் அதைச் சுற்றி உட்கார நான்கு பேரும் இல்லையென்றால் அந்தப் பெண் எங்கே உட்கார்ந்து ஆடியிருப்பார்?

இப்போது உங்கள் கேள்விக்கு. சிரிப்பார்களா? ஒன்றிரண்டு பேர் சிரிப்பார்கள், பெயர் பதியும்போது. ஆட்டம் தொடங்கிய பிறகு எல்லோரும் பலகையைத்தான் பார்ப்பார்கள், உங்கள் வயதைப் பார்க்கமாட்டார்கள். உட்காருவதற்கு முன்னால் விதியைக் கேட்டுவிடுங்கள். ஆடு புலி என்றால் தொடர் வெட்டு உண்டா, எத்தனை ஆடு போனால் ஆட்டம் முடியும். தாயம் என்றால் எதற்கெல்லாம் மறு உருட்டு. எங்கள் பக்கம் ஒன்று, ஐந்து, ஆறு, பன்னிரண்டுக்கு உண்டு. வெட்டினால் மறு உருட்டு உண்டா என்பதையும் கேளுங்கள், சண்டை அங்கேதான் வரும். பல்லாங்குழி என்றால் குழிக்கு எத்தனை முத்து என்று முதலிலேயே கேளுங்கள். ஐந்து போடுகிறவர்களும் உண்டு, ஆறு போடுகிறவர்களும் உண்டு. தரையில் உட்கார முடியாவிட்டால் தயங்காமல் நாற்காலியும் சிறு மேசையும் கேளுங்கள், கொடுப்பார்கள். கண்ணாடியை மறந்துவிடாதீர்கள், சாமியானாவுக்கு அடியில் வெளிச்சம் குறைவு.

நான் பெயர் கொடுத்த மறு வருடம் ஆடு புலிக்கு ஆறு பெண்கள் பெயர் கொடுத்தார்கள். பலகைக்குப் பக்கத்தில் விதிகளை அட்டையில் எழுதி ஒட்டச் சொன்னேன், ஒட்டினார்கள். சுக்கு மல்லிக் காப்பி ஊற்றுகிற வேலையை அந்த வருடம் பெயர் பதிந்த தம்பியும் அவன் நண்பர்களும் எடுத்துக்கொண்டார்கள். இனிப்பு கொஞ்சம் கூடுதல், மற்றபடி நன்றாகவே போட்டிருந்தார்கள்.