பேஸ் கிடார்க்காரரிடம் கேளுங்கள்: உலகப் பாட்டும் உள்ளூர்ப் பஞ்சாயத்தும்

போன வாரம் நம் குழுவில் "உலகப் பாட்டையே மாற்றிய இசைக்காரர்கள்" என்று ஒரு பட்டியல் சுற்றியது. சண்டை முற்றியதும் கேள்விகளையெல்லாம் என் பக்கம் தள்ளிவிட்டார்கள். கம்பம் பக்கத்துத் திருவிழா மேடைகளிலும், மலைக்கு மேலே குமுளி, வண்டிப்பெரியாறு கானமேளாக்களிலும் பேஸ் கிடார் வாசிப்பவன் நான். பதில்கள் கொஞ்சம் பேஸ் பக்கம் சாயத்தான் செய்யும். ஒரே ஒரு நிபந்தனை. நான் சொல்லும் பாட்டுகளைப் போன் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள். பேஸின் தடித்த கம்பி 41 ஹெர்ட்ஸில் அதிர்கிறது, அவ்வளவு தாழ்ந்த ஒலி போனுக்குள்ளிருந்து வெளியே வராது. சாதாரண ஹெட்போன் போதும்.

கம்பம், கல்லூரி மாணவர்: அண்ணே, பீட்டில்ஸ் பீட்டில்ஸ் என்கிறார்கள். கேட்டால் சாதாரணமாகத்தான் இருக்கிறது. அப்படி என்ன செய்துவிட்டார்கள்?

இங்கிலாந்தின் அந்த நாலு பேர் செய்ததை அறுபது வருடமாக எல்லோரும் செய்கிறார்கள் தம்பி, அதனால்தான் உனக்குச் சாதாரணமாகத் தெரிகிறது. 1963 பிப்ரவரி 11 அன்று லண்டனில் ஒரே நாளில் முதல் ஆல்பத்துக்கான பத்துப் பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். மேடையில் வாசித்ததை அப்படியே மைக் முன்னால் வாசித்தார்கள், அவ்வளவுதான். மூன்றே வருடத்தில் 'ரிவால்வர்' ஆல்பம் வருகிறது. அதன் கடைசிப் பாட்டு 'டுமாரோ நெவர் நோஸ்'. டேப்பை வெட்டி, வளையமாக ஒட்டி, பல மெஷின்களில் ஒரே நேரத்தில் ஓடவிட்டார்கள். குழுவின் பாடகர் ஜான் லெனனின் குரலை ஆர்கனுக்கான சுழலும் ஸ்பீக்கர் வழியாக அனுப்பினார்கள். ஒரே குரலை இரண்டு தடவை பாடிச் சேர்ப்பது அலுத்துப்போனதால், கென் டவுன்செண்ட் என்ற ஸ்டுடியோ இன்ஜினியர் அதற்கு டேப்பிலேயே ஒரு வழி கண்டுபிடித்தார். 1966 ஆகஸ்டோடு ஊர் ஊராகப் போய் வாசிப்பதையும் நிறுத்தினார்கள். அடுத்த வருடம் வந்த 'சார்ஜன்ட் பெப்பர்' முழுக்க நான்கு ட்ராக் மெஷினில் செய்தது, அதாவது தனித்தனியாகப் பதிய நாலே தடம். உன் போனில் இருக்கும் இலவச ஆப்பில் அதைவிட அதிக ட்ராக் இருக்கும்.

அவர்களுக்குப் பிறகு வந்த பிள்ளைகள் தாங்களே எழுதி, தாங்களே வாசித்து, ஸ்டுடியோவையும் ஒரு வாத்தியமாகப் பார்க்க ஆரம்பித்தார்கள். செல்வாக்கு என்றால் நான் பார்ப்பது இது ஒன்றைத்தான்: பின்னால் வந்தவர்களின் கை எப்படி மாறியது? எத்தனை கோடி விற்றது என்பதைக் கடைக்காரர் பார்த்துக்கொள்வார்.

போடி: உலக நம்பர் ஒன் யார்? ஒரே பெயர் சொல்லுங்கள்.

நம்பர் போடுவதில்லை.

கூடலூர்: பீட்டில்ஸில் பேஸ் வாசித்த பால் மெக்கார்ட்னியே வேறு ஒருவரிடம் கற்றதாகச் சொல்லியிருக்கிறாரே, அது யார்?

இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தேன். ஜேம்ஸ் ஜேமர்சன். அமெரிக்காவில் டெட்ராய்ட் நகரத்து மோட்டவுன் ரெக்கார்டு கம்பெனியின் ஆஸ்தான பேஸ்காரர். 1960-களில் அந்தக் கம்பெனி கொடுத்த ஹிட்டுகளில் பெரும்பகுதிக்கு வாசித்தது 'ஃபங்க் பிரதர்ஸ்' என்ற ஒரே கூட்டம். ஜேமர்சன் வலது கையில் ஒரே ஒரு விரலால்தான் மீட்டுவார். கம்பி அறுந்தால் ஒழிய மாற்றவே மாட்டார், அதனால் ஒலி மொத்தையாக, மெத்தென்று இருக்கும். அதுவரை பேஸ் என்றால் தாளத்தோடு சேர்ந்து 'தும் தும்' என்று போவதுதான். இவர் அதைப் பாடகருக்குப் பக்கத்தில் ஓடும் இன்னொரு பாட்டாக ஆக்கினார்.

இத்தனை வாசித்தவரின் பெயர் ரெக்கார்டு உறையில் பல வருடம் வரவே இல்லை. 1971-இல் பாடகர் மார்வின் கேயின் 'வாட்ஸ் கோயிங் ஆன்' ஆல்பம் வெளிவந்தபோதுதான் அச்சில் ஏறியது. 1983-இல் இறந்துபோனார். வீட்டில் ரேடியோ வைத்திருந்த அமெரிக்கர்கள் அத்தனை பேரும் அவரைக் கேட்டிருப்பார்கள், பெயர் தெரிந்தவர்கள் சொற்பம்.

நம் ஊர்க் கதையும் வேறல்ல. இளையராஜா பாட்டில் பேஸ் ஓடுகிறதே என்று வாய் பிளப்போம். அதை வாசித்த சசிதரன் பெயரைக் கேட்டால் பாதிப் பேர் முழிப்பார்கள். டிரம்ஸ் புருஷோத்தமன், கிடார் சதானந்தம், கீபோர்டு விஜி மானுவல், இந்தப் பெயர்களையும் சேர்த்து எழுதி வைத்துக்கொள்ளுங்கள். எழுதியது ராஜா. காற்றில் ஏற்றியது இந்தக் கைகள்.

(இரண்டு பேர் உடனே கேட்டுவிட்டு "பேஸே இல்லையே" என்று போட்டிருக்கிறார்கள். போனில்தானே கேட்டீர்கள்?)

குமுளி: 'ராக்கம்மா கையத் தட்டு' உலகத்தின் தலைசிறந்த பத்துப் பாட்டில் ஒன்று என்று பிபிசி அறிவித்ததாமே?

பிபிசி அறிவிக்கவில்லை. 2002-இல் பிபிசி உலக சேவை மக்களிடம் ஓட்டுக் கேட்டது. அதில் ராக்கம்மா நாலாவது. முதலிடம் அயர்லாந்து தேசபக்திப் பாட்டு ஒன்றுக்கு, அடுத்தது வந்தே மாதரம், மூன்றாவது பாகிஸ்தானின் 'தில் தில் பாகிஸ்தான்'. வரிசையைப் பார்த்தாலே தெரியும், ஊர்ப்பாசத்தில் விழுந்த ஓட்டு. பாட்டு நல்ல பாட்டுதான், அதற்கு இந்தச் சான்றிதழ் தேவையில்லை. அதே 'தளபதி' படத்தின் 'காட்டுக்குயிலு' பாட்டின் ஒரு துண்டை லண்டனில் பிறந்த எம்.ஐ.ஏ. என்ற ஈழத்தமிழ்ப் பாடகி 2007-இல் தன் பாட்டுக்குள் வைத்துத் தைத்தார். என்னைக் கேட்டால் அந்த ஓட்டெடுப்பைவிட இது பெரிய செய்தி.

தேவாரம்: ராக் அண்ட் ரோலை எல்விஸ் பிரெஸ்லிதானே கண்டுபிடித்தார்?

இல்லை. 1954-இல் மெம்ஃபிஸில் எல்விஸுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்த 'தட்ஸ் ஆல் ரைட்' ஆர்தர் க்ரூடப் என்ற கறுப்பினப் பாடகரின் பாட்டு. அதற்குப் பத்து வருடம் முன்பே சிஸ்டர் ரோசெட்டா தார்ப் என்ற பெண்மணி எலக்ட்ரிக் கிடாரை மாட்டிக்கொண்டு சர்ச் பாட்டு வாசித்துக்கொண்டிருந்தார். 1964-இல் இங்கிலாந்தில் மான்செஸ்டர் பக்கம் ஒரு பழைய ரயில் நிலையத்தில், மழை ஈரம் காயாத நடைமேடையில் அவர் வாசித்த டிவி நிகழ்ச்சி இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. கோட்டு போட்டுக்கொண்டு வெள்ளை கிடாரில் அந்தம்மா சோலோ வாசிப்பதைப் பாருங்கள். சர்ச் கொயரில் கிடார் வாசிக்கும் நம் பிள்ளைகள் கட்டாயம் பார்க்க வேண்டும். அடுத்து சக் பெர்ரி. அவருடைய 'ஜானி பி. கூட்' 1958-இல் வந்தது, 1977-இல் வாயேஜர் விண்கலத்தின் தங்க இசைத்தட்டில் ஏறி இன்னும் போய்க்கொண்டே இருக்கிறது. எல்விஸ் பெரிய பாடகர், அதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. ஆனால் கண்டுபிடித்தவர் அவர் அல்ல.

கம்பமெட்டு: எஸ்டேட்டில் மெஷினில் மாட்டி இரண்டு விரல் நுனி போய்விட்டது. முன்பு கொஞ்சம் கிடார் வாசிப்பேன். இனி முடியாதா அண்ணே?

முதலில் காயம் முழுதாக ஆறட்டும், டாக்டர் சரி என்று சொல்லும்வரை கம்பியைத் தொடாதீர்கள். பிறகு பிளாக் சப்பாத் குழுவின் டோனி அயோமியைப் பற்றிப் படியுங்கள். பர்மிங்காமில் தகரம் வெட்டும் ஆலையில் வேலை. பதினேழு வயதில், வேலையை விட்டு நிற்கப்போகும் கடைசி நாளில், வலது கை நடுவிரல் நுனியும் மோதிரவிரல் நுனியும் போயின. அவர் இடதுகைக்காரர், அதனால் கம்பியை அழுத்தும் கையே அதுதான். இரண்டு விரல் முடங்கியும் வாசித்த ஜாங்கோ ரெயின்ஹார்டின் ரெக்கார்டை ஒருவர் போட்டுக் காட்ட, அயோமிக்குத் தெம்பு வந்தது. பிளாஸ்டிக் சோப்பு பாட்டிலை உருக்கி விரலுக்குத் தொப்பி செய்தார். மெல்லிய கம்பி மாட்டினார், பின்னால் கம்பிகளைத் தளர்த்திச் சுருதியையும் இறக்கினார். 1970-இல் வந்த அவர்களின் முதல் ஆல்பத்திலிருந்துதான் ஹெவி மெட்டல் என்ற முரட்டு ராக் இசை பிறந்தது என்பார்கள். தளர்ந்த கம்பியின் அந்தக் கனத்த ஒலியை இன்றைக்கு நல்ல விரல் உள்ளவர்களும் காப்பியடிக்கிறார்கள். நீங்கள் தனியாக எனக்கு எழுதுங்கள். மெல்லிய கம்பி செட் ஒன்று வைத்திருக்கிறேன்.

உத்தமபாளையம்: எல்லாம் சரி, நம்பர் ஒன் யார்?

போடிக்காரருக்குச் சொன்னதேதான்.

சின்னமனூர்: கம்ப்யூட்டர் மியூசிக் வந்துதானே பாட்டு கெட்டுப்போனது?

டிரம்ஸ்காரர் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன், வருத்தம் புரிகிறது. ஜெர்மனியின் டுசெல்டார்ஃபில் க்ராஃப்ட்வெர்க் என்று நான்கு பேர். 1977-இல் அவர்கள் போட்ட 'ட்ரான்ஸ் யூரோப் எக்ஸ்பிரஸ்' மெட்டை, 1982-இல் நியூயார்க் பிராங்க்ஸ் பகுதியின் ஆஃப்ரிக்கா பம்பாட்டா எடுத்து, ரோலண்ட் டிஆர்-808 என்ற டிரம் மெஷின் மேல் உட்கார வைத்தார். ஹிப்ஹாப்பின் ஒரு பெரிய கிளை அங்கே முளைத்தது. அந்த மெஷின் 1980-இல் வந்தபோது "இதெல்லாம் டிரம்ஸ் சத்தமா" என்று ஒதுக்கினார்கள், சீக்கிரமே உற்பத்தியும் நின்றது. இன்று குத்துப்பாட்டு வரை அதன் பூம் ஒலி இருக்கிறது. (போன் ஸ்பீக்கரில் கேட்காது. சொல்லிவிட்டேன்.)

மனிதக் கையையும் மெஷின் விடவில்லை. 1969-இல் வின்ஸ்டன்ஸ் குழுவின் கிரெகரி கோல்மன் வாசித்த ஆறு ஏழு விநாடி டிரம்ஸை ஆயிரக்கணக்கான பாட்டுகளில் வெட்டி ஒட்டியிருக்கிறார்கள். அவருக்கு ஒரு பைசா போகவில்லை. கெட்டுப்போனது எது என்று கேட்டால் இதைச் சொல்வேன்.

கட்டப்பனை: சேட்டா, இளையராஜா செய்த ஹார்மனி, அந்தப் பல சுரங்களைச் சேர்த்து ஒலிக்கவிடும் வேலை எல்லாம் சலீல் சௌத்ரி 1965-லேயே 'செம்மீன்' படத்தில் செய்தாயிற்று. தமிழ்நாட்டில் யாரும் ஒத்துக்கொள்வதில்லையே?

நான் ஒத்துக்கொள்கிறேன், முக்கால்வாசி. சலீல்தா வங்காளத்து இசையமைப்பாளர், அசாம் தேயிலைத் தோட்டத்தில் வளர்ந்தவர். அப்பா தோட்டத்து டாக்டர், வீட்டில் மேற்கத்திய சாஸ்திரிய ரெக்கார்டுகள். ஒரு பக்கம் தொழிலாளிகள் பாட்டு, மறுபக்கம் மொசார்ட். ஏலத்தோட்டத்துக்கு ஜீப்பில் போய் வருகிற நமக்கு இது விளங்காதா? சென்னையில் அவருடைய பதிவுகளில் ராஜா கிடார் வாசித்திருக்கிறார். பக்கத்தில் உட்கார்ந்து வாசித்தவன் காதை மூடிக்கொண்டா இருப்பான்? பாலு மகேந்திராவின் 'அழியாத கோலங்கள்' 1979-இல் வந்தது, இசை சலீல். அடுத்த வருடம் அதே இயக்குநரின் 'மூடுபனி', இசை இளையராஜா, அவருக்கு நூறாவது படம். 'பூவண்ணம் போல நெஞ்சம்', 'என் இனிய பொன் நிலாவே' இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள், சலீலிடமிருந்து ராஜாவுக்குப் போகும் வாசல் எங்கே இருக்கிறது என்று தெரியும்.

பண்ணைப்புரம்: அண்ணே, எங்க ஊர்க்காரரை வங்காளத்துக்காரருக்குச் சிஷ்யன் ஆக்கிட்டீங்களே. நியாயமா?

முக்கால்வாசி என்றேன், கால் பங்கு பாக்கியிருக்கிறதே! 1961-இல் சலீல்தா மொசார்ட்டின் நாற்பதாவது சிம்பொனியிலிருந்து மெட்டை எடுத்து இந்திப் பாட்டு போட்டார். அழகான பாட்டு. ராஜா எடுத்தது மெட்டை அல்ல, ஜெர்மன் இசையமைப்பாளர் பாக்கின் (Bach) வேலைமுறையை. 1978-இல் 'சிட்டுக்குருவி' படத்தில் 'என் கண்மணி'. எஸ்.பி.பி. ஒரு மெட்டு, சுசீலா வேறு மெட்டு, இரண்டும் ஒன்றுக்குள் ஒன்று புகுந்து போகும், நடுவில் பஸ் கண்டக்டர் வேறு கத்துவார். அந்தக் கணக்கு மேற்கத்திய இசை சொல்லிக்கொடுத்த தன்ராஜ் மாஸ்டரிடம் படித்தது. வாத்தியக்காரர்களை வேலை வாங்கும் வித்தை இசையமைப்பாளர் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்தபோது வந்தது. இதற்கெல்லாம் முந்தி அண்ணன் பாவலர் வரதராஜனின் மேடை. 1958 தேவிகுளம் இடைத்தேர்தலில் பாவலர் பாடியது கேரளத்து மண்ணில்தான். அன்றைக்கே நம் பாட்டு மலை ஏறிவிட்டது.

கட்டப்பனை: அப்படியென்றால் சலீல் இல்லாமலும் ராஜா ராஜாவாகத்தான் வந்திருப்பார் என்கிறீர்களா?

அதைச் சொல்ல ஜோசியன் வேண்டும். வாசிக்கிறவனாக நான் சொல்வது இவ்வளவுதான்: சலீல் பாட்டுக்குப் பேஸ் வாசித்தால் பாட்டைத் தாங்குகிறேன். ராஜா பாட்டுக்கு வாசித்தால் பாடுகிறேன். விரலுக்கு வித்தியாசம் தெரிகிறது.

பாலக்காடு: எம்.எஸ்.வி. எலப்புள்ளிக்காரர். அவர் எங்கள் ஆள்தானே?

உங்கள் ஆள்தான். கே.வி. மகாதேவன் நாகர்கோவில்காரர். ஏசுதாஸ் கொச்சிக்காரர். எஸ்.பி.பி. பிறந்த கோணேட்டம்பேட்டை ஆந்திர எல்லையில். எல்லோரும் வேலை பார்த்தது சென்னையில். அடுத்த கேள்வி.

பாலக்காடு, இன்னொருவர்: ஏ.ஆர். ரஹ்மானுடைய அப்பா மலையாளத்தில்தானே...

ஆமாம், ஆர்.கே. சேகர் மலையாளப் படங்களுக்கு இசையமைத்தவர். 'ரோஜா' வந்த 1992-லேயே ரஹ்மான் மலையாள 'யோத்தா'வுக்கும் இசை போட்டார். ரஹ்மானுக்குத் தனியாக ஒரு நாள் வேண்டும், இங்கே ஒரு வரியில் முடித்தால் இரண்டு பக்கமும் அடிக்க வருவீர்கள்.

தேனி: எந்தக் கீபோர்டு வாங்கலாம்? பதினைந்தாயிரத்துக்குள்.

குழுவில் கீபோர்டு வாசிப்பவர்கள் மூன்று பேர் இருக்கிறார்கள். அவர்களைக் கேளுங்கள்.

லோயர் கேம்ப்: உலகத்திலேயே பெரிய இசைக்காரர் யார் அண்ணே?

மேலே போய்ப் படியுங்கள்.

கூடலூர், பத்தாம் வகுப்பு மாணவி: மாமா, நான் பேஸ் கத்துக்கணும். பொண்ணுங்க வாசிக்கலாமா? எந்தப் பாட்டுல ஆரம்பிக்க?

அமெரிக்காவில் கரோல் கே என்ற அம்மா 1960-களில் எத்தனையோ ஹிட்டுகளுக்குப் பேஸ் வாசித்தவர் தாயி, முதல் பாதிக் கேள்வியை விடு. 1961-இல் வந்த 'ஸ்டாண்ட் பை மீ' கேள். ஒரே பேஸ் வரி சுற்றிச் சுற்றி வரும், அதை மெட்ரோனோம் (ஒரே சீராகத் தாளம் தட்டும் கருவி) வைத்து மெதுவாக வாசி. அடுத்தது 'மை கேர்ள்'. முதல் சில விநாடி பேஸ் மட்டும்தான், வாசிப்பது நம் ஜேமர்சன். அதன் பிறகு ராஜா பாட்டுக்கு வரலாம், அவசரப்படாதே. யூட்யூபில் சில பேர் சுருதியைக் கூட்டிக் குறைத்து ஏற்றியிருப்பார்கள், அதைக் கேட்டுக் கம்பியை முறுக்கிவிடாதே, ட்யூனர் வைத்துக்கொள். சனிக்கிழமை சாயங்காலம் எங்கள் ரிகர்சலுக்கு அம்மாவையும் கூட்டிக்கொண்டு வா. பழைய பேஸ் ஒன்று சும்மா கிடக்கிறது. நாலாவது கம்பி மட்டும் புதிதாகப் போட வேண்டும், அதை நான் வாங்கி வைக்கிறேன்.