படிக்கும் கட்டுரைக்கு மட்டும் பணம் கட்டினால் மிச்சமாகுமா?

கேள்வி: மூன்று செய்தித் தளங்களுக்கு மாதச் சந்தா கட்டிவருகிறேன், மூன்றும் தாமாகவே புதுப்பிக்கப்படுகின்றன. ஆனால் மாதத்துக்கு ஏழெட்டுக் கட்டுரைகளுக்கு மேல் படிப்பதில்லை. முன்பணம் போட்டுவைத்து, திறக்கும் கட்டுரைக்கு மட்டும் சிறு தொகையைக் கழித்துக்கொள்ளும் சேவைக்கு மாறலாமா?

பதில்: மாறலாம். ஆனால் அந்த ‘ஏழெட்டு’ எண்ணிப் பார்த்துச் சொன்னதா, உத்தேசமாகச் சொன்னதா என்பதை முதலில் உறுதிசெய்துகொள்ளுங்கள். உங்கள் உலாவியின் வரலாற்றைத் திறந்து, கடந்த 30 நாட்களில் இந்த மூன்று தளங்களிலும் கடைசி வரி வரை படித்தவற்றை ஒரு பக்கமும், தலைப்பைப் பார்த்து உள்ளே போய் இரண்டாம் பத்தியிலேயே வெளியேறியவற்றை மறுபக்கமும் எழுதுங்கள். இரண்டாவது வரிசை நீங்கள் நினைப்பதைவிட நீளமாக இருக்கும் (என்னுடையது அப்படித்தான் இருந்தது). சந்தாவில் அவற்றுக்குத் தனிச் செலவில்லை. கட்டுரைக்குக் கட்டுரை கட்டும்போது அவற்றுக்கும் காசு போகும்.

பிறகு ஒவ்வொரு தளத்தின் மாதச் சந்தாவையும் ஒரு கட்டுரையின் விலையால் வகுத்துப் பாருங்கள். விடை 20 என்று வந்தால், அந்தத் தளத்தில் இரண்டு வரிசையும் சேர்த்து 20க்குக் கீழே இருக்கும்வரை தனிக் கட்டுரையே மலிவு. நீங்கள் சொல்லும் அளவு உண்மையானால் மூன்று சந்தாக்களுமே வீண்செலவுதான்.

முன்பணத்தில்தான் கவனம் வேண்டும். நெதர்லாந்தில் 2014இல் தொடங்கிய பிளெண்டில் என்ற இணையச் சேவை, பல பத்திரிகைகளின் கட்டுரைகளைத் தனித்தனியே விற்று, பிடிக்காத கட்டுரைக்குப் பணத்தைத் திருப்பியும் கொடுத்துவந்தது. ஆனாலும் 2019இல் அந்த முறையைக் கைவிட்டுச் சந்தாவுக்கு மாறிவிட்டது. இந்தத் தொழிலின் சிக்கல் எளிதானது: அட்டைவழிப் பரிவர்த்தனைகளில் சதவீதத்தோடு ஒரு நிலையான கட்டணமும் பெரும்பாலும் சேர்வதால், சில்லறைத் தொகையில் கணிசமான பங்கு அதற்கே போய்விடுகிறது; அதைத் தவிர்க்கத்தான் உங்களிடம் மொத்தமாக முன்பணம் கேட்கிறார்கள். கட்டணம் குறைவாகவே இருந்தாலும், ‘இதற்குக் கொடுக்கலாமா’ என்று ஒவ்வொரு முறையும் யோசிப்பதே வாங்குபவருக்குச் சுமை என்று கணினி அறிவியலாளர் நிக் சாபோ 1990களிலேயே எழுதியிருக்கிறார். ஆகவே எந்தச் சேவையும் நாளை தன் முறையை மாற்றிக்கொள்ளலாம் என்று வைத்துக்கொண்டு, ஒரு மாதத் தேவைக்கு மேல் இருப்பு வைக்காதீர்கள். மீதித் தொகை திரும்பக் கிடைக்குமா, குறிப்பிட்ட நாளுக்குப் பின் காலாவதியாகுமா என்பதைப் பணம் போடுவதற்கு முன்பே விதிமுறையில் படித்துவிடுங்கள். கூடுதல் தொகை போட்டால் தள்ளுபடி என்ற அறிவிப்பு வரும். அதைத் தாண்டிப் போய்விடுங்கள்.

மூன்றையும் ஒரே நாளில் நிறுத்த வேண்டியதில்லை. புதுப்பிப்புத் தேதி எது முதலில் வருகிறதோ அந்தத் தளத்தின் தானியங்கிப் புதுப்பிப்பை இன்றே அணைத்துவிட்டு, அடுத்த மாதம் அங்கே தேவைப்படுவதை மட்டும் காசு கொடுத்துப் படியுங்கள். அந்த மாதச் செலவு பழைய சந்தாவைவிடக் குறைந்திருந்தால் அடுத்த தளத்துக்குப் போகலாம்.