பகிரங்கத் தொல்லைக்கு எதிராக யார் நீதிமன்றம் போகலாம்?

கொழும்பு வெள்ளவத்தையில் ஓர் ஒழுங்கையில் ஒரு பட்டறை இரவிரவாக இரும்பு அறுக்கிறது. பக்கத்துக் காணிக்காரர் அல்லாத நீங்கள் முறையிடலாமா என்பது கேள்வி. தாராளமாகலாம். இலங்கையின் 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 98 ஆம் பிரிவு, பொலிஸ் அறிக்கை மட்டுமல்ல, வேறு எவ்வகைத் தகவல் கிடைத்தாலும் நீதவான் சான்றைப் பார்த்து நிபந்தனைக் கட்டளை, அதாவது தொல்லையை நீக்கு அல்லது நீதிமன்றம் வந்து ஆட்சேபி என்ற கட்டளை, இடலாம் என்கிறது. வாடகைக்கு இருப்பவரும் போகலாம். உங்களுக்கென்று தனி நட்டம் காட்டத் தேவையில்லை.

ஆனால் தொல்லை பொதுவானதாக இருக்க வேண்டும். பல மனுக்கள் விழுவது இங்கேதான். சத்தியக்கடதாசி (சத்தியம் செய்து ஒப்பமிடும் எழுத்து வாக்குமூலம்) முழுக்க “என் நித்திரை, என் சுவர்” என்றிருந்தால் எதிர்த்தரப்பு அதைத் தனிப்பட்ட தகராறு என்று வாதிடும். ஒழுங்கையின் நாலைந்து வீட்டாரிடமும் தனித்தனிச் சத்தியக்கடதாசி வாங்குங்கள். ஒரே வாசகத்தைப் பிரதி பண்ணாதீர்கள். திகதி, தொடங்கிய நேரம், நின்ற நேரம் எழுதிய குறிப்பு, பொலிஸ் முறைப்பாட்டுப் பிரதி, பொதுச் சுகாதாரப் பரிசோதகருக்குக் கொடுத்த கடிதம் ஆகியவற்றையும் இணையுங்கள்.

நட்டஈடுதான் வேண்டுமென்றால் இது வழியல்ல. அதற்கு மாவட்ட நீதிமன்றம். உடனடி ஆபத்து இருந்தால், இடைக்காலத் தடைக் கட்டளையையும் நீதவானிடம் கொடுக்கும் அதே மனுவிலேயே கேளுங்கள்.