நண்பர்கள் ‘தூக்கம் வருகிறது’ என்று சொன்ன ராப் ஆல்பத்தை வேகமாக மறுபதிவு செய்யலாமா?

எட்டுப் பாடல்களைத் தாழ்ந்த குரலில், அவசரமில்லாத ராப்பாகப் பதிவு செய்து முடித்துவிட்டீர்கள் என்றும், போட்டுக் காட்டிய நண்பர்கள் ‘தூக்கம் வருகிறது, கொஞ்சம் சுறுசுறுப்பாகப் பாடு’ என்கிறார்கள் என்றும், எல்லாவற்றையும் திரும்பப் பாடலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். நான் பாடகன் அல்லன். மின்னணுப் பொறியியல் படித்து அந்த வேலையிலேயே பிழைப்பவன். இருந்தும் பதில் எழுத உட்கார்ந்திருக்கிறேன் என்றால், உங்கள் நண்பர்கள் சொன்னதை அப்படியே 2004-ஆம் ஆண்டில் அச்சில், என் பெயரைப் போட்டு, டூம் என்ற ராப் பாடகரும் மேட்லிப் என்ற இசையமைப்பாளரும் சேர்ந்து செய்த மேட்விலனி என்ற ஆல்பத்தைப் பற்றி எழுதியவன் நான் என்பதுதான் காரணம்.

உங்கள் ஆல்பம் மேட்விலனிக்கு நிகர் என்று நான் சொல்ல வரவில்லை. உங்களுடையதை நான் கேட்டதே இல்லை. ‘ஒரு பெரிய ஆல்பத்தைக் காட்டி எல்லோரையும் உசுப்பேற்றாதீர்கள்’ என்று கீழே யாராவது எழுதுவார்கள் என்பதால் இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நிதானமாக ஒலிக்கும் பாட்டுக்குப் பின்னால் என்ன நடந்திருக்கும் என்பதை நான் எவ்வளவு தவறாகக் கணித்தேன் என்பதை மட்டுமே சொல்லப் போகிறேன்.

2003-ஆம் ஆண்டின் பிற்பகுதியில் மேல்படிப்புக்காக லாஸ் ஏஞ்சலஸ் போய்ச் சேர்ந்தேன். என் அறைத்தோழன் ஓக்லண்ட் பக்கத்துப் பையன்; அவனுடைய மேசையில், கறுப்பு மார்க்கரால் ‘டூம் + மேட்லிப்’ என்று மட்டும் எழுதிய ஒரு வெற்றுக் குறுந்தகடு எப்போதும் கிடக்கும். அது இன்னும் வெளிவராத ஆல்பத்தின் கசிந்த பிரதி என்று அவன் சொன்னபோது எனக்குக் குற்ற உணர்ச்சி எதுவும் வரவில்லை; இன்னும் சொன்னால், ஊரில் யாருக்கும் கிடைக்காத பண்டம் கையில் கிடைத்த பெருமைதான் வந்தது. திருட்டுப் பிரதியைக் கேட்டதற்காகத் திட்ட நினைப்பவர்கள் தாராளமாகத் திட்டலாம். நான் அதைக் கேட்டதோடு நிற்கவில்லை, மூன்று பேருக்குப் பிரதி எடுத்தும் கொடுத்தேன்.

அந்தப் பிரதியில் டூமின் குரல் உற்சாகமாக, முன்னால் வந்து நிற்கும் குரல். ‘ஃபிகாரோ’ என்ற பாடலில் அவர் ஒவ்வொரு அடியையும் உதைத்துத் தள்ளுவதுபோல் பாடியிருப்பார். ஐந்து மாதம் அதை மட்டுமே கேட்டதில், எனக்கு அந்த ஆல்பம் என்றாலே அந்தக் குரல் என்றாகிவிட்டது. 2004 மார்ச் 23 அன்று உண்மையான ஆல்பம் வெளிவந்தது. ஹாலிவுட்டில் சன்செட் சாலையில் இருந்த அமீபா இசைத்தட்டுக் கடைக்குப் பேருந்தில் போய், வரிசையில் நின்று வாங்கினேன். அட்டையில் முகமூடி அணிந்த டூமின் சாம்பல் நிறப் படம், மூலையில் ஒரு சின்ன ஆரஞ்சுச் சதுரம். அந்த ஆரஞ்சு நிறத்துக்கு மடோனாவின் முதல் ஆல்பத்து அட்டைதான் தூண்டுதல் என்பதைப் பின்னாளில் அட்டையை வடிவமைத்த ஜெஃப் ஜாங்க் சொல்லித் தெரிந்துகொண்டேன்.

அறைக்கு வந்து போட்டால், பாடுகிறவர் வேறு யாரோ போல் இருந்தது. வரிகள் பெரும்பாலும் அவைதாம், பீட், அதாவது குரலுக்கு அடியில் ஓடும் தாள இசை, அதேதான், ஆனால் குரல் இறங்கிவிட்டது. டிரம் அடித்த பிறகு ஒரு நொடியின் சிறு பகுதி தாமதித்து, சாய்வு நாற்காலியில் கிடந்தபடி பேசுகிறவரைப் போல, சொற்கள் வந்து விழுந்தன. கசிந்த குறுந்தகட்டையும் கடையில் வாங்கியதையும் மாறி மாறிப் போட்டுப் பார்த்தேன், ஏமாந்துவிட்டேன் என்றே முடிவு செய்தேன். மாணவர் பத்திரிகை ஒன்றின் கலைப் பக்கத்துக்கு ஆள் தேடிக்கொண்டிருந்தார்கள்; நானூறு சொற்களில் ஒரு விமர்சனம் கொடுத்தேன். ‘பாடகர் பாதித் தூக்கத்தில் எழுந்து வந்து, வேலையை முடித்துவிட்டுத் திரும்பப் படுக்கப் போனவர்போல் பாடியிருக்கிறார், இது நிதானம் அன்று, சோம்பல்’ என்பது அதன் கடைசி வாக்கியம். அப்போது அதை நான் மிகவும் ரசித்து எழுதினேன்.

இங்கே ஒரு சிறு மனக்குறையைச் சொல்லிக்கொள்கிறேன். அந்த விமர்சனத்தில் மேட்லிப்பின் பீட்டுகளைப் புகழ்ந்து ஒரு பத்தி இருந்தது. அதில் இருந்த உருப்படியான பத்தி அது ஒன்றுதான். பக்கத்தை ஒழுங்கு செய்தவர் அதை வெட்டிவிட்டு, அந்த இடத்தில் பீட்சாக் கடை விளம்பரம் ஒன்றைப் போட்டார். ஆக, அச்சில் மிஞ்சியது என் அறியாமை மட்டுமே.

இனி, அந்த ஆல்பம் உண்மையில் எப்படி உருவானது என்பதற்கு வருகிறேன். பிற்பாடு வெளிவந்த பேட்டிகள் மூலம்தான் இதெல்லாம் தெரிந்தது. டூமின் இயற்பெயர் டேனியல் டூமிலே. லண்டனில் பிறந்து நியூயார்க்கின் லாங் ஐலண்டில் வளர்ந்தவர். தம்பி சப்ராக்குடன் சேர்ந்து கேஎம்டி என்ற குழுவில் பாடிக்கொண்டிருந்தார். 1993-இல் தம்பி கார் மோதி இறந்தார். மறு ஆண்டு, முடித்து வைத்திருந்த இரண்டாவது ஆல்பத்தை அதன் அட்டைப் படத்துக்காக இசை நிறுவனம் கைவிட்டது. சில ஆண்டுகள் ஆளே காணாமல் போய், பிறகு முகத்தை மறைத்துக்கொண்டு மேடை ஏறி, 1999-இல் ‘ஆபரேஷன்: டூம்ஸ்டே’ ஆல்பத்தோடு எம்எஃப் டூமாகத் திரும்பி வந்தார். எட்டு ஆண்டுகளுக்கு முன்பு கேஎம்டியின் முதல் ஆல்பத்தில் இளமைத் துள்ளலோடு பாடிய அதே மனிதர்தாம் இவர் என்பதை நினைத்துக்கொண்டு கேட்டிருந்தால், அந்தத் தாழ்ந்த குரலைச் சோம்பல் என்று எழுதக் கொஞ்சமாவது கூசியிருப்பேன்.

மேட்லிப்போ கலிஃபோர்னியாவின் ஆக்ஸ்நார்டைச் சேர்ந்தவர். லாஸ் ஏஞ்சலஸின் மவுண்ட் வாஷிங்டன் பகுதியில் மேட்விலனியை வெளியிட்ட ஸ்டோன்ஸ் த்ரோ இசை நிறுவனத்தார் குடியிருந்த வீட்டில், 1950-களில் அணுகுண்டுக்குப் பயந்து கட்டிய கான்கிரீட் பதுங்கறை ஒன்று இருந்தது. அவருடைய பட்டறை அதுதான். 2002-இல் டூமை அங்கே வரவழைத்தபோது, விமானச் சீட்டு எடுத்ததிலேயே நிறுவனத்தின் கைக்காசு தீர்ந்துவிட்டதாம். டூமின் மேலாளர் 1,500 டாலரை எடுத்து வைக்கச் சொல்லி ஒரு அறையில் நெருக்கிக்கொண்டிருக்க, டூம் அதற்குள் பதுங்கறையில் மேட்லிப்போடு உட்கார்ந்து பீட் கேட்கத் தொடங்கிவிட்டார் என்றும், ஒப்பந்தமே ஒரு காகிதத் தட்டில்தான் எழுதப்பட்டது என்றும் நிறுவனத்தின் பொறுப்பில் இருந்த ஈகான் சொல்லியிருக்கிறார்.

அதே ஆண்டு நவம்பரில் மேட்லிப் பிரேசிலுக்குப் போனார். சாவ் பாவ்லோ விடுதி அறையில், கையில் தூக்கிப் போகக்கூடிய ஒரு ரெக்கார்ட் பிளேயர், ஒரு கேசட் டெக், பாஸ் எஸ்பி-303 என்ற சிறிய சாம்ப்ளர் (பழைய இசையிலிருந்து ஒலித் துண்டுகளை எடுத்துத் திரும்ப வாசிக்கும் கருவி) ஆகிய மூன்றை மட்டும் வைத்துச் சில பீட்டுகளை அமைத்தார். ‘ரெய்ட்’ என்ற பாடல் அப்படிப் பிறந்தது; பில் எவன்ஸின் ஜாஸ் பியானோவும் ஒஸ்மார் மிலிட்டோவின் பிரேசில் இசையும் அதற்குள் இருக்கின்றன. நான் மின்னணுக்காரன் என்பதால் சொல்கிறேன்: எஸ்பி-303 ஒரு விளையாட்டுச் சாமான் அளவுக்கான கருவி. அதன் பொத்தான்களை விரலால் தட்டி வாசித்து, அதைத் தாளக் கட்டத்துக்குள் சரியாகப் பொருத்தாமல் விட்டால், ஒவ்வொரு தட்டும் இம்மி முன்னோ பின்னோ விழும். அந்த இம்மியில்தான் அந்தச் சாய்வு நாற்காலி இருக்கிறது.

பிரேசில் பயணத்தை ஒட்டித்தான், வெளியீட்டுக்குச் சுமார் பதினான்கு மாதங்களுக்கு முன்பே, முடிக்கப்படாத பிரதி திருட்டுப் போய் இணையத்தில் பரவியது. என் அறைத்தோழனின் மேசையில் கிடந்தது அதுதான். இருவரும் வெறுத்துப் போய் ஆல்பத்தை ஓரம் கட்டிவிட்டு வேறு வேலைகளுக்குப் போனார்கள். டூம் 2003-ஆம் ஆண்டு ஒன்றிலேயே கிங் கிடோரா, விக்டர் வான் என்று இரண்டு வேறு பெயர்களில் இரண்டு ஆல்பங்கள் வெளியிட்டார். மேட்லிப் ஜே டில்லாவுடன் சேர்ந்து ஒரு ஆல்பம் செய்தார். அவர்கள் மேட்விலனிக்குத் திரும்பி வந்தபோது, டூம் தம் குரலை மறுபடியும் பதிவு செய்தார். முதலில் பாடியது துடிப்பானது. இரண்டாம் முறை அவர் வேண்டுமென்றே குரலை இறக்கி, அலட்டல் இல்லாமல் பாடினார். அதாவது, சுறுசுறுப்பாகத்தான் தொடங்கியது, அதைத் திருத்தித்தான் நிதானத்துக்கு வந்தார்கள். நான் திருத்தத்தைச் சோம்பல் என்றும், கசிந்த வரைவை அசல் என்றும் எடுத்துக்கொண்டேன்.

அந்தக் குரல் சோம்பல் இல்லை என்பது எனக்குப் புரிந்தது பேட்டிகளால் அன்று. 2004-இன் இறுதியில், இரவு முழுவதும் ஆய்வுக்கூடத்தில் கணினி கணக்குப் போடக் காத்திருக்க வேண்டிய நாட்கள் வந்தன. கைவசம் இருந்த ஒரே குறுந்தகடு, கடையில் வாங்கிய அந்த ஆல்பம். இரண்டு நிமிடத்துக்கும் குறைவான ‘அக்கார்டியன்’ என்ற பாடலின் சொற்களைக் காதால் கேட்டு ஒரு தாளில் எழுதலாம் என்று தொடங்கினேன். நான்கு இரவுகள் ஆயின. எழுதி முடித்த பிறகு, பள்ளியில் தமிழாசிரியர் எதுகையை ஒரு கோடு, மோனையை இரண்டு கோடு என்று அடிக்கோடிடச் சொல்வாரே, அதே பழக்கத்தில் பென்சிலை எடுத்தேன். அடியின் இறுதியில் மட்டும் இயைபு வரும் என்று எதிர்பார்த்த எனக்கு, நான்கைந்து அசைகள் கூட்டமாகச் சேர்ந்து அடியின் நடுவிலும், அடுத்த அடியின் தொடக்கத்திலும், பிறகு எதிர்பாராத இடத்திலும் ஒத்து ஒலிப்பது தெரிந்தது. தாளில் கோடு போடாத இடம் குறைவாகவே மிஞ்சியது. இவ்வளவு நெருக்கமாகக் கட்டிய செய்யுளை உரக்கப் பாடினால், கேட்பவர் காதில் ஒலி மட்டும்தான் விழும். பொருளும் கேலியும் தவறிப் போகும். குரலை இறக்கியதால்தான் சொல் தெரிகிறது. ‘ஃபேன்சி கிளவுன்’ என்று ஒரு பாடல் இருக்கிறது. அதில் டூம், விக்டர் வானாக வந்து, தன் காதலியைக் கவர்ந்துகொண்டதாக டூமையே திட்டுகிறார். நான் விமர்சனம் எழுதியபோது அதை மூன்று முறையாவது கேட்டிருந்தேன். தம்மையே திட்டிக்கொள்கிறார் என்பது மட்டும் எனக்குத் தெரியாது.

மற்றவர்கள் என்னைவிட வேகமாகப் புரிந்துகொண்டார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். பிட்ச்ஃபோர்க் என்ற இசை விமர்சனத் தளம் பத்துக்கு 9.4 கொடுத்தது, நியூயார்க்கர் இதழ்கூட இதைப் பற்றி எழுதியது. விற்பனையைப் பார்த்தால், பில்போர்டு 200 பட்டியலில் அது தொட்ட உயரம் 179-ஆம் இடம்தான். பெரிய ராப் ஆல்பங்கள் இலட்சக்கணக்கில் விற்ற காலம் அது. இவர்களுடைய 22 பாடல்களில் பெரும்பாலானவற்றுக்குப் பல்லவிகூடக் கிடையாது. மொத்தம் 46 நிமிடம், ஒவ்வொரு பாடலும் நாம் தலையாட்டத் தொடங்கும்போதே முடிந்துவிடும். வானொலிக்கு அது எந்த வகையிலும் ஆகாது. இருந்தும் ஆண்டுக்கு ஆண்டு ஆட்கள் தேடி வாங்கினார்கள். 2020-இல் ரோலிங் ஸ்டோன் தன் 500 ஆல்பங்களின் பட்டியலைப் புதுப்பித்தபோது இதை 365-ஆம் இடத்தில் சேர்த்தது. அதே ஆண்டு அக்டோபர் 31 அன்று டூம் இறந்தார். உலகத்துக்குத் தெரிந்தது டிசம்பர் 31 அன்று.

உங்கள் கேள்விக்கு நேரான பதில்: மறுபதிவு செய்வதில் தவறே இல்லை, டூமும் அதைத்தான் செய்தார். ஆனால் நண்பர்களின் தூக்கத்துக்காகக் குரலை ஏற்றாதீர்கள். அவர்களில் ஒருவரை உட்காரவைத்து, ஒரே ஒரு பாடலின் சொற்களைக் கேட்டு எழுதித் தரச் சொல்லிப் பாருங்கள். எழுதியதில் கோடு போட ஏதாவது இருந்தால் பாடியதை அப்படியே விட்டுவிடலாம். ஒன்றும் இல்லையென்றால் கோளாறு குரலில் இல்லை, வரிகளில் இருக்கிறது. அதை வேகமாகப் பாடி மறைக்க முடியாது. ‘கேட்பவர் ஏன் இவ்வளவு உழைக்க வேண்டும்’ என்று சிலர் கேட்பார்கள். எல்லோரும் உழைக்க வேண்டாம். பாதிப் பேர் பேருந்தில் தலையைச் சாய்த்துக்கொண்டு கேட்டுவிட்டுப் போகட்டும், நானும் இன்று பெரும்பாலும் அப்படித்தான் கேட்கிறேன்.

ஆய்வுக்கூடத்து நான்கு இரவுகளுக்குப் பிறகு, விமர்சனம் தவறு என்று எழுதிய ஒரு குறிப்பை அந்தப் பத்திரிகைக்கு அனுப்பினேன். ‘எட்டு மாதப் பழைய ஆல்பத்துக்கு இப்போது திருத்தம் எதற்கு’ என்று ஒற்றை வரியில் பதில் வந்தது. மார்க்கரில் எழுதிய குறுந்தகடு எந்தக் கருவியிலும் ஓடாமல் போய்ப் பல ஆண்டுகள் ஆகின்றன. விமர்சனம் மட்டும் அந்தப் பத்திரிகையின் இணையக் கிடங்கில், பீட்சா விளம்பரம் நீங்கலாக, என் பெயரோடு இன்னும் இருக்கிறது.