ஆலைக்காகப் போடப்பட்டுக் கைவிடப்பட்ட ரயில் பாலத்தை வேறு எதற்காவது பயன்படுத்த முடியுமா?

ஆலைச் சரக்குக்காகக் கட்டப்பட்டு இப்போது ஓட்டமின்றிக் கிடக்கும் ரயில் பாலத்தை இடிப்பதா, வேறு பயனுக்குத் திருப்புவதா என்று கேட்டிருக்கிறீர்கள். திருப்பலாம் என்பதே என் பதில். ஆனால் பாலத்தின் இரும்பைச் சோதிப்பதற்கு முன், இரு கரைகளிலும் அதற்குப் போய்ச்சேரும் வழி மிஞ்சியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

திருச்செந்தூர்ப் பக்கத்துக்காரனான நான் இப்படிச் சொல்வதற்குக் காரணம், எங்கள் வட்டாரத்தில் ஓடி மறைந்த ஆலை ரயில்தான். குலசை என்று நாங்கள் சுருக்கிச் சொல்லும் குலசேகரன்பட்டினத்தில் பனைவெல்லத்திலிருந்து சர்க்கரை எடுத்த ஆலைக்காக, பாரி கம்பெனியின் நிர்வாகத்தில், திருச்செந்தூர், குலசை, உடன்குடி, திசையன்விளை ஆகிய ஊர்களை இணைத்து இரண்டடி அகலத் தண்டவாளம் போடப்பட்டது. முதல் உலகப் போர்க் காலத்தில் தொடங்கி 1940 வரை இயங்கிய அந்த ரயில், சரக்கோடு ஆட்களையும் ஏற்றிச் சென்றது. மணப்பாட்டருகே கடலில் சேரும் கருமேனியாற்றைக் கடக்காமல் உடன்குடியிலிருந்து திசையன்விளைக்குப் போக முடியாது என்பதால், அந்தத் தடத்தில் ஆற்றுப்பாலமும் ஓடைப்பாலங்களும் இருந்தே தீர வேண்டும். ரயில் நின்றது, தண்டவாளமும் போயிற்று. திசையன்விளை இன்றுவரை ரயில் இல்லாத ஊர். திருச்செந்தூரிலிருந்து கன்னியாகுமரிக்குக் கடலோர ரயில் பாதை கேட்டு மனு மேல் மனுவாகக் கொடுத்துக்கொண்டிருக்கிறோம். இருந்த தடத்தைக் கைநழுவ விட்டுவிட்டுப் புதுத் தடத்துக்கு நிலம் தேடுவது என்ன கணக்கோ!

இதற்கு மாறாக நடந்த இடமும் உண்டு. அமெரிக்காவில் ஹட்சன் ஆற்றின்மேல் பொகீப்சி நகரில் 1889இல் திறக்கப்பட்ட ரயில் பாலம், நிலக்கரியையும் ஆலைச் சரக்கையும் நியூ இங்கிலாந்து எனப்படும் வடகிழக்கு மாநிலங்களுக்குக் கொண்டுசென்றது. 1974 மே மாதம் அதன் மேல்தளத்தில் தீப்பிடித்தபின் ரயில் ஓடவில்லை. இரும்புச் சட்டகம் விழாமல் நிலைத்து நின்றது. ஆனால் உரிமை கைமாறிக்கொண்டேயிருந்ததில் காலம் ஓடியது. 1992இல் உள்ளூர்த் தன்னார்வலர்கள் அமைப்பாகக் கூடி, பின்னர் பாலத்தின் உரிமையைப் பெற்று, கான்கிரீட் பலகைகள் பதித்து, 2009 அக்டோபரில் நடைபாலமாகத் திறந்தார்கள். சரக்கு ரயிலைச் சுமந்த பாலத்துக்கு நடந்துபோகும் மனிதர்களின் எடை ஒரு பொருட்டன்று. ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர் நீளமுள்ள அப்பாலம் பயன்பட்டதற்கு, இரு கரைகளிலும் நடைபாதைகளோடு அது இணைந்ததும் ஒரு காரணம்.

நம் ஊரில் இன்னொரு சோதனையும் தேவை: வெள்ளம். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 செ.மீ. மழை கொட்டியபோது, ஓடிக்கொண்டிருக்கும் திருச்செந்தூர் ரயில் பாதையிலேயே ஜல்லி அரித்துச் செல்லப்பட்டு, செந்தூர் எக்ஸ்பிரஸ் பயணிகள் ஸ்ரீவைகுண்டத்தில் சிக்கிக்கொண்டார்கள். குறுகிய கண்கள் கொண்ட பழைய பாலத்தில் சீமைக்கருவேல முட்களும் நீரில் மிதக்கும் அமலைச் செடியும் வந்து அடைத்தால், அதுவே அணையாகிக் கரையை உடைக்கும். ஆகவே கோடையில் ஆற்றுக்குள் இறங்கித் தூணின் அடியைப் பாருங்கள்: மணல் அரித்து அடித்தளம் வெளியே தெரிகிறதா, கல் இடுக்கில் அரசங்கன்று வேர்விட்டிருக்கிறதா, கர்டர் என்னும் இரும்பு உத்திரம் தூணின்மேல் அமரும் இடத்தில் மண் தேங்கி, துரு ஏடு ஏடாக உரிகிறதா என்று. கடற்கரைக்கு அருகில் என்றால் உப்புக்காற்று இந்த மூன்றாவது வேலையை விரைவாகவே முடித்துவிடும். தூணின் அடி போயிருந்தால் பாலத்தை இடிப்பதே சரி. அதில் எனக்குத் தயக்கம் இல்லை.

தேறும் என்றால், எங்கள் பக்கத்தில் அதற்குப் பயன் தேடி அலைய வேண்டியதில்லை. தைப்பூசத்துக்கும் மாசித் திருவிழாவுக்கும் திருச்செந்தூருக்கும், தசராவுக்குக் குலசை முத்தாரம்மன் கோவிலுக்கும் வரும் பாதயாத்திரைக் கூட்டம், இரவில் லாரிகளும் பேருந்துகளும் விரையும் சாலையின் ஓரத்தைப் பிடித்தே நடக்கிறது. சாலையிலிருந்து விலகிய பழைய ரயில் தடமும் அதன் பாலமும் அவர்களுக்கு நடைவழியாகலாம். இரண்டடி ரயிலின் பாலம் வேனுக்குப் போதாது, நடப்பவருக்குப் போதும். பூங்கா, உணவகம் என்று திட்டம் போடுகிறவர்களிடம் எனக்கு நம்பிக்கை குறைவு. திறப்பு விழா முடிந்தபின் பெயின்ட் அடிக்க யார் வருவார்?

எனவே முதலில் பொறியாளரைத் தேட வேண்டாம். கிராம நிர்வாக அலுவலரிடம் போய், பாலத்தின் இருபுறமும் உள்ள தடத்தின் புல எண்களை வைத்து நிலத்தின் வகையைக் காட்டும் ‘அ’ பதிவேட்டையும் அதன் எல்லையைக் காட்டும் புலப்படத்தையும் பாருங்கள். தடம் புறம்போக்காக நீடித்தால், ஊராட்சித் தீர்மானத்தோடு மாவட்ட ஆட்சியரிடம் மனுக் கொடுக்கலாம். துண்டு துண்டாகப் பட்டா ஆகியிருந்தால், அந்த நிலக்காரர்களிடம் பேசி முடித்த பிறகே பாலத்தைப் பற்றிப் பேச முடியும்.